மன்னிக்கும் உரிமை யாருடையது?

போரில் தோற்ற நாட்டில் ஒரு பெண்ணின் நாள் எப்படிக் கழிந்திருக்கும் என்று கேட்பவர்களுக்கு, யசுஜிரோ ஓசு 1948இல் எடுத்த ‘காற்றில் ஒரு பெட்டைக்கோழி’ படத்தைச் சொல்வேன். ஓசுவுக்கே அதில் நிறைவில்லை. எனக்கோ அவருடைய பேர்பெற்ற படங்களைவிட இதுதான் அதிகம் உறுத்துகிறது.

டோக்கியோவில் மாடியறை ஒன்றில் வாடகைக்கு இருக்கிறாள் தோகிகோ. போருக்குப் போன கணவன் இன்னும் திரும்பவில்லை. விலைவாசி எகிறுகிறது. கிமோனோக்களை விற்றுச் சாப்பிடுகிறாள். மடல் மடலாக உரிவதால் இப்படிப் பிழைப்பதை ‘மூங்கில் குருத்து வாழ்க்கை’ என்றார்கள் அன்றைய ஜப்பானியர். உரிக்க ஏதும் மிஞ்சாதபோது மகன் நோயில் விழுகிறான். மருத்துவமனைக்குக் கட்ட வேண்டிய பணத்துக்காக ஓர் இரவு உடலை விற்கிறாள்.

கணவன் வருகிறான். அவள் மறைக்கவில்லை. அவன் அந்த விடுதியைத் தேடிப் போகிறான். அங்கே குடும்பத்துக்காகத் தொழில் செய்யும் இளம்பெண்ணிடம் இரங்குகிறான், வேறு வேலை தேடித் தருவதாகச் சொல்கிறான். மனைவியிடம் அந்த இரக்கம் இல்லை. அவன் தள்ளியதில் அவள் படிக்கட்டில் உருண்டு விழுகிறாள். தானே எழுந்து, நொண்டியபடி மேலே ஏறுகிறாள். பிறகு அவன் மன்னிக்கிறான்.

தேசம் இழந்த தூய்மையின் உருவகம் தோகிகோ என்று படிப்பவர்கள் உண்டு. எனக்கு அதில் உடன்பாடில்லை. உருவகமாக்கிய உடனே அவள் கட்டிய கட்டணம் மறைந்துவிடுகிறது. கணவனை அழைத்துச் சென்ற அரசு அவளுக்கு என்ன தந்தது? போர்முனையில் அவன் என்ன செய்தான்? படத்தில் யாரும் கேட்பதில்லை. விசாரணை அவளுக்கு மட்டும்தான்.

1946 தேர்தலில் ஜப்பானியப் பெண்கள் முதன்முறையாக வாக்களித்தார்கள்; 39 பேர் நாடாளுமன்றம் சென்றார்கள். 1947இல் நடைமுறைக்கு வந்த அரசியலமைப்பின் 24ஆம் பிரிவு கணவனுக்கும் மனைவிக்கும் சம உரிமை என்றது. மனைவியை மட்டும் தண்டித்த பிறன்மனைச் சட்டமும் அதே ஆண்டு நீக்கப்பட்டது. அடுத்த ஆண்டு வந்த படம் இது. நீதிமன்றம் கைவிட்ட தண்டனையை வீட்டு மாடிப்படியில் கணவன் நிறைவேற்றுகிறான்.

கடைசியில் அவனைத் தழுவும் தோகிகோவின் கைகள் அவன் முதுகுக்குப் பின்னால் பிரார்த்தனைபோல் கோத்துக்கொள்கின்றன. சமாதானம் என்கிறது படம். எனக்கு, பிள்ளையைக் காப்பாற்றியவள் அதற்காக மன்னிப்புக்குக் காத்திருப்பதாகத்தான் தெரிகிறது.