ஒருபொருட் பன்மொழியும் டெட்ரிஸ் விளக்கமும்

அலெக்சி பஜித்னோவ் 1984இல் மாஸ்கோவில் உருவாக்கிய டெட்ரிஸ் என்னும் புதிர் விளையாட்டில், கிடைவரிசை முழுதும் நிரம்பினால்தான் அது மறையும். இவ்விளக்கத்தைச் சொல்மாற்றித் தமதாக்க முயல்வோர் 'வரிசை'க்கு ஈடாக 'நிரல்' என இடுவதற்கு அகராதி இடந்தரும். ஆயின் பாடநூற் கணிதத்தில் நிரை கிடையானது, நிரல் செங்குத்தானது. ஒரு சொல் மாறவே விளையாட்டின் விதியே பிழைபடுகிறது. 'விழும்' என்பதைச் 'சாயும்' என மாற்றினும் இதே நிலைதான்; துண்டைத் திருப்புவது ஆடுபவர் செயலேயன்றி அது தானே சாய்வதன்று. (பெங்களூர் மாணவர் அறிந்த கன்னடச் 'சாலு' வரிசையைக் குறிக்கும், தமிழ்ச் 'சால்' உழவின் தடம்.)

பல்கலைக்கழக மானியக் குழுவின் 2018ஆம் ஆண்டு விதிகளின்படி 10 விழுக்காடு வரையிலான ஒப்புமைக்குத் தண்டனையில்லை. சொல் மாற்றுவோர் குறிவைப்பது இவ்வெல்லையையே. பொருட்பிழை அக்கணக்கில் வாராது. முதற் பத்துத் தொகுதிகளில் பொருள்வகையாகப் பெயர்களைத் திரட்டிய திவாகரம், 11ஆம் தொகுதியை ஒருசொற் பல்பொருளுக்கு ஒதுக்கியது. மாற்றுச்சொல் தேடுவோர் அத்தொகுதி வரை செல்வதில்லை.