தொப்பி மாறிய துப்பறிவாளர்கள்

துப்பறியும் கதைக்கு ஓர் இலக்கணம் உண்டு. கூரிய அறிவுடையவர் ஒருவர். அவரை வியந்து நிற்கும் நண்பர் மற்றொருவர். ஹோம்ஸும் வாட்சனும் நமக்குப் பழக்கிவிட்ட இணை இது. ஹால் ரோச் நிறுவனம் தயாரித்து 1927இல் வெளியான 'டூ டிடெக்டிவ்ஸ் திங்க்?' என்னும் இரண்டு ரீல் ஊமைப் படம் அந்த இணையிலிருந்து அறிவாளியை நீக்கிவிடுகிறது. துப்பறிவாளர்கள் சிந்திப்பதுண்டா என்று தலைப்பே கேட்கிறது. மெலிந்த ஸ்டான் லாரலும் பருத்த ஆலிவர் ஹார்டியும் இருவருமே மூடர்கள். ஆயினும் ஹார்டி தம்மைத் தலைவராகக் கருதிக்கொள்கிறார். நகைச்சுவை அங்கேதான் பிறக்கிறது.

கதை மிக எளியது. நீதிபதி ஒருவர் கொலைகாரனுக்குத் தூக்குத் தண்டனை விதிக்கிறார். விதிப்பதோடு நில்லாமல், அவன் மூச்சுத் திணறிச் சாகவேண்டும் என்ற தம் விருப்பத்தையும் மகிழ்ச்சியோடு தெரிவிக்கிறார். கைதி தப்பி, நீதிபதியின் இல்லத்திலேயே பணியாளாக நுழைகிறான். காவலுக்கு வருபவர்கள் நம் இருவர்.

வரும் வழியில் காற்று அவர்களுடைய தொப்பிகளைக் கல்லறைத் தோட்டத்துக்குள் வீசிவிடுகிறது. உள்ளே செல்ல ஒருவருக்கும் துணிவில்லை. சென்றாலும் நிழலைக் கண்டு ஓட்டம். அள்ளிவந்த தொப்பியோ மற்றவருடையது! ஹார்டியின் பெரிய தலையில் சிறு தொப்பி. லாரலின் கண்களை மறைக்கும் பெருந்தொப்பி. மாற்றிக்கொள்கிறார்கள், மீண்டும் மாறிவிடுகிறது. கதைக்கு இக்காட்சி தேவையே இல்லை. ஆனால் படத்தின் உயிர் இதுதான். அச்சத்தில் இருவரும் சமம் என்பதை ஒரு சொல்லும் இன்றி இது காட்டிவிடுகிறது.

எளியவரின் கோழைத்தனத்தைக் கண்டு சிரிப்பது அறமா என்று வாசகர் வினவலாம். இப்படத்தில் சிரிப்பு அவர்களோடு நின்றுவிடவில்லை. பிறர் கழுத்தைக் குறித்து மகிழ்ந்த நீதிபதியே தம் கழுத்தைப் பிடித்துக்கொண்டு நடுங்குகிறார். ஜேம்ஸ் ஃபின்லேசன் அந்த வேடத்தை முகச் சுளிப்பாலேயே நடத்திச் செல்கிறார். நீதிமன்றத்தில் அவர் காட்டிய கொடுமையை நினைவில் வைத்திருப்பவருக்கு இந்த நடுக்கம் வெறும் வேடிக்கையாகத் தோன்றாது.

பிற்பகுதியின் ஓட்டமும் துரத்தலும் அக்கால நகைச்சுவைப் படங்கள் எல்லாவற்றிலும் கண்டவையே. நீதிபதியின் மனைவிக்கோ அஞ்சுவதைத் தவிர வேறு வேலையில்லை. கொலைகாரன் பிடிபடுவதும் அறிவால் அன்று, குழப்பத்தால்தான். தலைப்பின் வினாவுக்கு அதுவே விடையாகப் பொருந்துகிறது.