பண்டரிபாய் வீட்டு விருந்தாளிகள்

இயக்குநர் எஸ். பாலசந்தர் என்றதும் ‘அந்த நாள்’ பக்கம் ஓடுகிறவர்களோடு எனக்குச் சண்டை இல்லை. ஆனால் பழக்கமில்லாத வீட்டில் ராத்தங்குகிறவனுக்கு வரும் பயத்தைத் தமிழில் ஒழுங்காகக் காட்டியது 1970இல் வந்த ‘நடு இரவில்’தான்.

இந்தப் படத்துக்கு மூலமான அகதா கிறிஸ்டியின் அதே தீவுக்கதையை வைத்து 1965லேயே இந்தியில் ‘கும்நாம்’ வந்துவிட்டதே, அதில் ஹெலன் ஆட்டம் இருக்கிறதே என்பார் என் நண்பர். ஆடி முடித்தபின் பயத்துக்கு எங்கே இடம்? பாட்டு விஷயத்தில் பாலசந்தரும் சுத்தம் இல்லை. 1954இல் ‘அந்த நாள்’ படத்தைப் பாட்டே இல்லாமல் எடுத்த மனுஷன், இதில் வைத்துவிட்டார்.

போகட்டும். எனக்குப் படமே பண்டரிபாய்தான். மேஜர் சுந்தரராஜனின் தீவு பங்களாவில் அவருடைய உறவுக்காரர்கள் வந்து இறங்குகிறார்கள், ஒவ்வொருவராகச் சாகிறார்கள். யார் கொன்றது என்பதில் எனக்கு அவ்வளவு அக்கறை இல்லை. மனம் பேதலித்த அந்த வீட்டு எஜமானி பொன்னி இருக்கிறாளே, அவள் பார்வை எதிரே நிற்கும் ஆளைத் தாண்டி எங்கோ போய் நிற்கும். விருந்தாளியை வரவேற்கிறாளா, வந்ததே தெரியவில்லையா? ஒரே மெட்டில் தந்தியை இழுத்து இழுத்து ஸ்வரங்களை வாங்கிய வைணிகர் அல்லவா பாலசந்தர், அந்த ஒரு முகத்திலும் அப்படித்தான் வாங்கியிருக்கிறார். ‘அந்த நாள்’ படத்தில் சிவாஜியைச் சுட்ட மனைவியும் பண்டரிபாயேதான். ஊரே ‘மன்னன்’ அம்மாவாகக் கொண்டாடிய முகத்துக்குள் என்ன இருந்தது என்று பாலசந்தர் எப்போதோ பார்த்துவிட்டார்.

எங்கள் ஆரம்பாக்கம் பக்கத்துக் கொட்டகையில் பார்த்தபோது, தீவைவிட்டுப் போக வழியில்லாமல் அவர்கள் தவிக்க, மணல்தரையிலிருந்து ஒரு வலைக்காரர், “இடுப்பளவு தண்ணிதானேய்யா, எறங்கி நடங்க!” என்று குரல் விட்டார். எங்கள் பழவேற்காட்டு ஏரியில் பல இடத்தில் அது நடக்கும். கோல் ஊன்றித்தான் படகைத் தள்ளுவோம். கொட்டகையே சிரித்தது. பண்டரிபாய் வந்ததும் அந்த ஆளும் வாயை மூடிக்கொண்டார்.

பாலசந்தர் இயக்கிய கடைசிப் படம் இது. இப்போது இந்த மாதிரிக் கதைக்கு நாலு பேர் ஒரு ரிசார்ட்டில் ரூம் போட்டால் குறும்படம் தயார். ட்ரோன் ஷாட், நீல வெளிச்சம், கதவு திறந்தாலே இடிச்சத்தம், கடைசி ஐந்து நிமிடம் ஃப்ளாஷ்பேக்கில் கோனார் உரை. வீட்டுக்காரர் யாரென்று ஒருவருக்கும் கவலை கிடையாது. ஒரு முறைக்கிற வாட்ச்மேனை வைத்தே ஒப்பேற்றிவிடுகிறார்கள். இவர்கள் கையில் ஒரு பண்டரிபாய் கிடைத்திருந்தால், மூன்றாவது நிமிடமே தலைமுடியை விரித்துப்போட்டுப் பேயாக்கியிருப்பார்கள்.