பழைய வரி நிலுவையும் காலவரம்பும்

வரி விதிக்கச் சட்டத்தில் கெடு உண்டு. விதித்த வரியை வசூலிக்கப் பெரும்பாலும் கெடு இல்லை. தமிழ்நாட்டு வணிகவரியில் இது தெளிவாகத் தெரியும். 2007 ஜனவரி 1இல் நடைமுறைக்கு வந்த மதிப்புக் கூட்டு வரிச் சட்டப்படி, விடுபட்ட விற்பனைக்கு வரி போட அதிகாரிக்கு ஆறு ஆண்டு அவகாசம். உத்தரவு வந்துவிட்டால் தொகை சொத்தின் மேல் ஏறிவிடும். பிறகு நிலவரி பாக்கியைப் போலவே 1864ஆம் ஆண்டின் வருவாய் வசூல் சட்டப்படி ஜப்தி செய்யலாம். எத்தனை ஆண்டுக்குள் என்ற வரம்பு அங்கே இல்லை.

இத்தகைய நிலுவைகள் எல்லாமே ஏமாற்றில் பிறந்தவை அல்ல. கத்திவாக்கத்து லேத் பட்டறை ஒன்று ஆந்திரத்து ஆலைக்கு உதிரிபாகம் விற்றதாகக் கொள்வோம். வாங்கியவர் சலுகை விகிதத்துக்கான ‘சி’ படிவம் கொடுத்தால் 2008 ஜூன் முதல் 2017 ஜூன் வரை மத்திய விற்பனை வரி 2 சதவீதமாக இருந்தது. கொடுக்காவிட்டால் உள்ளூர் வரி விகிதம் முழுவதும். ஆலை மூடப்பட்டால் படிவம் வராது, வித்தியாசத் தொகை பட்டறைக்காரர் தலையில் விழும். பதினைந்து ஆண்டு கழித்து நோட்டீஸ் வந்தால் எந்தப் பில்லைக் காட்டுவது, யாரிடம் படிவம் கேட்பது?

அரசுத் தரப்பிலும் நியாயம் இருக்கிறது. மேல்முறையீடும் தடையாணையும் ஆண்டுக்கணக்கில் இழுக்கும். வெறும் கெடு வைத்தால், வழக்கை இழுத்தடிக்க வசதி உள்ளவர் தப்புவார். சொத்தைப் பினாமி பெயருக்கு மாற்றியவரும் தப்புவார். வரி பொதுப்பணம் என்பதை மறக்க முடியாது.

கெடுவுக்குப் பதிலாக இங்கே நடப்பது தள்ளுபடி. 2023 அக்டோபரில் முதல்வர் அறிவித்த சமாதானத் திட்டத்தில் 50,000 ரூபாய்க்கு உட்பட்ட நிலுவைகள் முழுவதும் நீங்கின. 95,502 வணிகர்கள் பயனடைவர் என்றது அரசு. மத்திய அரசும் 2024 பிப்ரவரியில் பழைய சிறு வருமானவரிக் கோரிக்கைகளை விலக்கிக்கொண்டது. அவற்றில் சில 1962ஆம் ஆண்டினவை. அறுபது ஆண்டாக ஏட்டில் கிடந்த தொகை வசூலாகாது என்பது துறைக்கே தெரியும். சிறு வணிகருக்கு இது பெரிய நிம்மதிதான். ஆனால் கடன் வாங்கியாவது உரிய காலத்தில் கட்டியவருக்கு அதில் ஒன்றுமில்லை. அடுத்த தள்ளுபடி வரும் என்று காத்திருப்பவர் லாபமடைகிறார். அதிகாரிக்கும் விரைந்து வசூலிக்கும் கட்டாயம் இல்லை. உரிமையாக இருக்க வேண்டியது சலுகையாகிவிடுகிறது.

அமெரிக்காவில் வருமானவரி விதித்த நாளிலிருந்து பத்தாண்டுக்குள் வசூலிக்க வேண்டும். திவால் நடவடிக்கை போன்ற காலங்கள் கணக்கில் சேரா. தமிழ்நாட்டுக்கும் இதுவே ஏற்றது. தடையாணைக் காலத்தைக் கழிக்கலாம். மோசடிக்குக் கூடுதல் ஆண்டுகள் வைக்கலாம். கெடு முடிந்த பின் வில்லங்கச் சான்றில் பாக்கி நின்றால் பட்டறை இடத்தை விற்கவும் முடியாது, அடமானம் வைக்கவும் முடியாது. ஆகவே துறையே சார்பதிவாளருக்கு எழுதி அந்தப் பதிவை நீக்க வேண்டும் என்பதும் சட்டத்தில் இடம்பெற வேண்டும். வணிகர் அலைந்து வாங்கும் கடிதமாக அது இருக்கக்கூடாது.