உடைந்த கேமராவின் சாட்சியம்

மோதல் களங்களைப் பதிவு செய்யும் ஆவணப்படங்களுள் பெரும்பாலானவை, வெளியிலிருந்து வந்து மீண்டும் வெளியேறிவிடுவோரின் பார்வையில் அமைந்தவை. 2011ஆம் ஆண்டில் வெளியான 'ஐந்து உடைந்த கேமராக்கள்' அத்தகையதன்று. மேற்குக் கரையின் பில்ஈன் கிராமத்து விவசாயியான இமாத் புர்நாத், 2005இல் தம் நான்காம் மகன் ஜிப்ரீல் பிறந்தபோது குழந்தையைப் படமெடுக்கவே கேமரா வாங்கினார். அக்காலத்தில்தான் இஸ்ரேலின் பிரிப்புச் சுவர் அக்கிராமத்தின் ஒலிவ மரங்களுக்கிடையே எழத் தொடங்கிற்று. வெள்ளிதோறும் ஊரார் நடத்திய எதிர்ப்புப் பேரணிகளின் பக்கம் கேமரா திரும்பியது. ஒன்றன்பின் ஒன்றாக ஐந்து கேமராக்கள் சிதைந்தன. ஒவ்வொன்றின் ஆயுளும் படத்தின் ஓர் அத்தியாயம்.

இப்படத்தின் ஒளிப்பதிவைத் தேர்ச்சி என்ற அளவுகோலால் அளப்பது பொருந்தாது. சட்டகம் ஆடுகிறது, ஓடுகிறது, சில வேளைகளில் மண்ணையே காட்டுகிறது. சகோதரர் ஒருவர் கைது செய்யப்படும் காட்சியை நாம் மறக்க இயலவில்லை. அவரை ஏற்றிச் செல்லும் ராணுவ ஜீப்பை மறித்து அதன்மீது முதிய தந்தை தொற்றிக்கொள்கிறார். மகனோ கேமராவைக் கீழே வைக்கவில்லை. உதவ வேண்டிய கை படமெடுக்கலாமா? 'போதும், நிறுத்திவிடுங்கள்' என்ற பொருளில் மனைவி பிறிதோரிடத்தில் சீறும்போது இக்கேள்வி வீட்டுக்குள்ளேயே எழுகிறது. இமாத் அதற்கு நியாயம் கற்பிக்காமல் அவருடைய சினத்தையும் படத்தில் இருத்தியிருப்பதை இதன் நேர்மைக்குச் சான்றாகக் கொள்கிறோம்.

அரபியில் சாட்சி சொல்பவருக்கும் உயிர்த்தியாகிக்கும் வேர்ச்சொல் ஒன்றே. ஊர்ச் சிறுவர்களின் அன்புக்குரியவராக, 'யானை' என்ற செல்லப்பெயருடன் படம் முழுதும் நடமாடும் பாஸிம் அபூ ரஹ்மா, 2009 ஏப்ரலில் கண்ணீர்ப்புகைக் குண்டு நெஞ்சில் பாய்ந்து மாண்டார். பல ஆண்டுகள் அன்றாடத்தில் அவரைக் கண்டு பழகிய கேமராவாதலால், அம்மரணம் நமக்குச் செய்தியாக அன்றி இழப்பாகவே வந்து சேர்கிறது. வந்து போகும் செய்தியாளரின் கேமராவுக்கு இது வாய்ப்பதில்லை.

குறையும் உண்டு. இமாத் தம் குரலில் தன்மையிடத்தில் பேசும் வருணனையை எழுதியவர், இணை இயக்குநரான இஸ்ரேலியர் கய் தவிதி. அவர் இஸ்ரேலியர் என்பது நமக்குக் குறையன்று. அவ்வூராரோடு அப்பேரணிகளில் நின்றவர் அவர். ஆனால் காயம், ஆறுதல் என்றெல்லாம் அவ்வருணனை செதுக்கிப் பேசும் இடங்களில், படிமத்தின் கரடுமுரடான உண்மை மெருகேறி மங்குகிறது. ஜுப்ரான் சகோதரர் மூவரின் ஊது இசை இனியதே. எனினும் எங்கே வருந்த வேண்டுமென்று அது முன்கூட்டியே நமக்குச் சொல்லிவிடுகிறது. மழலை மாறாத ஜிப்ரீலின் முதற்சொற்களில் 'சுவர்', 'ராணுவம்' என்பனவும் இருந்ததைக் கேட்டபின் எந்த இசை தேவை?

சுவரின் தடத்தை மாற்றுமாறு இஸ்ரேலிய உயர் நீதிமன்றம் 2007இல் தீர்ப்பளித்தது. 2011இல்தான் சுவர் பெயர்க்கப்பட்டு, நிலத்தின் ஒரு பகுதி மீண்டது. படம் 2013இல் ஆஸ்கர் பரிந்துரையும் பெற்றது. ஆனால் நம் நினைவில் நிற்பது, படத்தின் தொடக்கத்தில் மேசைமீது வரிசையாகக் கிடக்கும் அந்த ஐந்து கேமராக்களே.