உஸ்மார் இஸ்மாயில்: புரட்சியும் சந்தையும்

இந்தோனேசியத் திரைப்பட முன்னோடியான நெறியாளர் உஸ்மார் இஸ்மாயில் (1921–1971), ஒல்லாந்தர் நிறுவனமொன்றுக்காக 1949இல் இரு படங்களை நெறிப்படுத்தினார். எனினும், தமது சொந்த நிறுவனமான பெர்ஃபினியின் சார்பில் 1950இல் ஆக்கிய 'டாரா டான் டோஆ'வையே (இரத்தமும் பிரார்த்தனையும்) தமது முதற்படமாகக் கொண்டார்.

விடுதலையை வாழ்த்துவதோடு அவர் நின்றுவிடவில்லை. புரட்சியின் பெயரால் தன் முன்னாள் தளபதி செல்வந்தனாகியிருப்பதைக் காணும் படைவீரன் இஸ்கந்தரின் அவலத்தை, 'லெவாட் ஜாம் மாலாம்' (ஊரடங்கு வேளைக்குப் பின், 1954) சித்திரிக்கின்றது.

பின்னர் நிதி நெருக்கடி காரணமாக 'தீகா டாரா' (மூன்று கன்னியர், 1957) என்னும் இசைப்படத்தை ஆக்கினார். அது பெருவெற்றி பெற்றது. இதனைத் தனிமனிதச் சறுக்கலாகக் கொள்வது பொருந்தாது. அந்நிய முதலாளியிடமிருந்து விடுபட்ட கலைஞன் சந்தையிடமிருந்து விடுபடவில்லை. இஸ்கந்தரின் ஏமாற்றம் அவனைப் படைத்தவருடையதுமாயிற்று.