மங்கம்மாவின் தயிர்க்காசு

மாஸ்தி வெங்கடேச ஐயங்காருக்குத் தாய்மொழி தமிழ், எழுதியது கன்னடத்தில். 1983இல் ஞானபீடம் பெற்ற அவருடைய ‘மொசரின மங்கம்மா’ கதையில் பெரிய சம்பவம் ஏதும் இல்லை. மருமகள் நஞ்சம்மா பேரனை அடிக்கிறாள். தயிர்க்காரி மங்கம்மா தட்டிக் கேட்கிறாள். மகன் பெண்டாட்டி பக்கம் சாய, மாமியார் தனியாகப் பொங்கித் தின்கிறாள்.

இன்றும் அந்தக் கதை மனத்தில் நிற்பதற்குக் காரணம் பாசம் அல்ல, காசு. தயிர் விற்ற பணம் கையில் இருப்பதால்தான் மங்கம்மாவால் தனி உலை வைக்க முடிகிறது. ஊர்க்காரன் ரங்கப்பாவின் கண் அந்தப் பணத்தின்மேல் விழுகிறது. பணம் வெளியே போய்விடுமோ என்ற பயத்தில்தான், பேரனை முன்னே விட்டு, மருமகள் இறங்கி வருகிறாள். அன்பும் கணக்கும் ஒரே மனத்தில் இருப்பதை மாஸ்தி கூச்சமில்லாமல் எழுதுகிறார். அதற்காக நஞ்சம்மாவைக் கெட்டவளாக்கவில்லை. குடும்பக் கதை எழுதுகிற எவருக்கும் இது எளிதில் கைவராது.

ஆனால் கதையைச் சொல்பவர் தயிர் வாங்கும் வீட்டு அம்மா. மங்கம்மா வாசலில் வந்து சொன்னதுதான் அவருக்குத் தெரியும். சண்டையும் சீக்கிரமே தீர்ந்துவிடுகிறது. மாறாக, அதே கன்னடத்தில் எழுதும் பானு முஷ்தாக்கின், 2025இல் சர்வதேச புக்கர் பெற்ற தொகுப்பில், அதற்குத் தலைப்புத் தந்த கதையின் மெஹ்ருன், பிறந்த வீடும் திருப்பி அனுப்பிய பிறகு மண்ணெண்ணெயை ஊற்றிக்கொள்கிறாள்; தடுப்பவள் மகள். குரல் சில இடங்களில் உரத்துவிடுகிறது என்றாலும் இங்கே பொய்யான சமாதானம் இல்லை.

காஞ்சிபுரத்தை அடுத்த வாலாஜாபாத்திலிருந்து இந்தக் கதைகளைப் படிக்கும்போது வேறொரு குறை உறுத்துகிறது. பக்கத்து ஐயம்பேட்டையில் தறியும் அடுப்பும் ஒரே கூரையின் கீழ். உடல் ஒரு நிறம், கரை ஒரு நிறமாக வரும் கோர்வைச் சேலையை வழக்கமான தறியில் ஒற்றை ஆள் நெய்ய முடியாது. மறுபக்கக் கரைக்கு நாடா போட இன்னொரு கை வேண்டும். முன்பெல்லாம் அது பெரும்பாலும் குழந்தையின் கை; மனைவியின் கையாகவும் இருக்கும். ராத்திரி எவ்வளவு சண்டை நடந்தாலும் காலையில் கணவனும் மனைவியும் ஒரே தறிக்குத்தான் வந்தாக வேண்டும். கூலியோ சேலைக்குத்தான், அதுவும் பெரும்பாலும் நெய்கிறவர் கைக்கு. மங்கம்மாவைப் போல் தனி உலை வைக்க அந்த மனைவியிடம் தனிக்காசு இல்லை.

கும்பகோணத்தில் ஜரிகை வியாபாரம் செய்த எழுத்தாளர் எம்.வி. வெங்கட்ராம் ‘பைத்தியக்காரப் பிள்ளை’ கதையில் தறி வீட்டுக்குள் நுழைந்தார். ஆனால் அது மகனின் கதை. நாடா போடுகிறவளின் கதைக்கு அடுப்படிக் கண்ணீர் போதாது. கூலியில் தன் பங்கை அவள் வாய்விட்டுக் கேட்கும் நாளிலிருந்து அதைத் தொடங்க வேண்டும்.